டெல்லி கணேஷின் நூறாவது படம் எது? – தென்னிந்திய நடிகர் சங்கத்துக்கு ஒரு திறந்த மடல்

தென்னிந்திய நடிகர் சங்கத்தின் தலைவர் நாசர் அவர்களுக்கும், நிர்வாகிகளுக்கும், செயற்குழு உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சிவாஜியின் நூறாவது படம் நவராத்திரி. கமலுக்கு ராஜபார்வை. ரஜினிக்கு ஸ்ரீ ராகவேந்திரர். சினிமா பார்க்கிற பழக்கம் உள்ள யாரைக் கேட்டாலும் இதில் ஒன்றையாவது யோசிக்காமல் சொல்லிவிடுவார்கள். சரி, டெல்லி கணேஷின் நூறாவது படம் எது? எஸ்.என்.லட்சுமியின் நூறாவது படம்? பூர்ணம் விசுவநாதன் மொத்தம் எத்தனை படங்களில் நடித்தார்? மனோரமா கின்னஸ் புத்தகத்தில் ஏறியவர். அவருக்கே ஆயிரத்துக்கு மேல் என்று ஒருவர் எழுதுகிறார், ஆயிரத்து ஐந்நூறு என்று இன்னொருவர் எழுதுகிறார். உட்கார்ந்து எண்ணிப் பார்க்கலாம் என்றால், எங்கே போய் எண்ணுவது?

இந்தக் கேள்வியோடுதான் உங்களிடம் வருகிறேன். நான் சினிமாக்காரன் இல்லை. வடபழனி பக்கம் நெடுங்காலமாகக் குடியிருப்பவன், படம் பார்ப்பவன், அவ்வளவுதான். உங்கள் சங்கத்திடம் நான் கேட்பது ஒரே ஒரு காரியம். குணச்சித்திர வேடங்களிலும் சிறு வேடங்களிலும் வாழ்நாள் முழுக்க நடித்தவர்களுக்கு ஒரு பதிவேடு வேண்டும். யார், எந்த ஊர், எந்த நாடகக் குழுவிலிருந்து வந்தார், எந்தப் படத்தில், எந்தத் தொடரில், என்ன வேடம் என்று ஆளுக்கொரு பக்கமாவது எழுதி, யார் வேண்டுமானாலும் பார்க்கிற மாதிரி வைக்க வேண்டும். இதை அரசாங்கமோ தயாரிப்பாளர்களோ செய்வார்கள் என்று காத்திருக்க முடியாது. நடிகர்களின் சொந்த வீடு உங்கள் சங்கம்தான்.

டெல்லி கணேஷ் 2024 நவம்பர் 9ஆம் தேதி இரவு காலமானார். எண்பது வயது. மறுநாள் செய்திகளில் எல்லாம் 'நானூறுக்கும் மேற்பட்ட படங்கள்' என்று வந்தது. நானூற்று எத்தனை என்று எதிலும் இல்லை. அன்று அஞ்சலி செலுத்த வந்தவர்களில் இந்திய விமானப் படையினரும் இருந்தார்கள். 1964 முதல் 1974 வரை பத்து வருடம் அவர் விமானப் படையில் வேலை பார்த்தவர். விட்டுவிட்டு வந்து ஐம்பது வருடம் ஆகிவிட்டது. ஆனாலும் எங்கள் ஆள் என்று தேடி வந்து மரியாதை செய்தார்கள். அந்தச் செய்தியைப் பார்த்தபோது எனக்கு மனம் நிறைந்தது, கூடவே ஒரு வருத்தமும் வந்தது. பத்து வருடம் வேலை பார்த்த இடம் அவரைக் கணக்கில் வைத்திருக்கிறது. நாற்பத்தேழு வருடம் உழைத்த இடத்தில் அவருடைய படங்களின் முழுப் பட்டியல் இல்லை.

வல்லநாட்டில் பிறந்தவர். டெல்லியில் விமானப் படை வேலையோடு தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். சென்னைக்கு வந்த பிறகு காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் மேடை ஏறினார். விசு எழுதிய பட்டினப் பிரவேசம் நாடகத்தை 1977இல் கே.பாலசந்தர் படமாக்கியபோது சினிமாவுக்கு வந்தார். டெல்லி கணேஷ் என்ற பெயரும் பாலசந்தர் வைத்ததுதான். இதெல்லாம் பலருக்கும் தெரிந்த கதை. அதற்கு இரண்டு வருடம் கழித்து வந்த பசி படத்தைப் பாருங்கள். சென்னைக் குடிசைப் பகுதியில் ரிக்‌ஷா இழுக்கும் முனியாண்டி. திருநெல்வேலிச் சீமைக்காரர், டெல்லியில் இருந்துவிட்டு வந்தவர், அந்தப் படத்தில் சென்னை ரிக்‌ஷாக்காரராகவே தெரிகிறார். பேச்சில் மட்டும் இல்லை, சோர்ந்துபோய் உட்கார்கிற விதத்திலும் அப்படித்தான். தமிழக அரசின் சிறப்புப் பரிசு அந்த வேடத்துக்குக் கிடைத்தது. அப்புறம் சிந்து பைரவியில் குடியால் கெட்டுப்போகிற மிருதங்க வித்வான் குருமூர்த்தி. நாயகனில் வேலு நாயக்கரின் பக்கத்தில் நிற்கிற அய்யர். அபூர்வ சகோதரர்களில் நான்கு வில்லன்களில் ஒருவர், பிரான்சிஸ் அன்பரசு. அந்த நால்வரில் இன்னொருவர் நீங்கள்தான், நாசர் சார்.

மைக்கேல் மதன காமராஜன் படத்தின் பாலக்காடு மணி அய்யரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். கல்யாணச் சமையலில் சாம்பாருக்குள் மீன் விழுந்துவிடுகிற காட்சி எல்லோருக்கும் மனப்பாடம். கமலுக்காகவும் கிரேஸி மோகனின் வசனத்துக்காகவும் அதைப் பார்க்கிறோம். அடுத்த தடவை பார்க்கும்போது டெல்லி கணேஷை மட்டும் பாருங்கள். கமல் ஒரு வரி பேசும்போது அந்த வரி முதலில் அவர் முகத்தில் போய் விழுகிறது. புருவம் கேட்கிறது, கன்னம் கேட்கிறது, அதற்கப்புறம்தான் வாய் திறக்கிறது. அவர் அப்படிக் கேட்காவிட்டால் நமக்குச் சிரிப்பு வராது. அந்தப் படத்தில் கைப்பழக்கத்தை விட முடியாத திருட்டுப் பாட்டியாக வரும் எஸ்.என்.லட்சுமியும் அப்படித்தான். அவர் கண் எங்கே போகிறது என்று நாமும் கூடவே போவோம். இவர்கள் இருவரும் தப்பாக நடித்திருந்தால் கதாநாயகன் நான்கு வேடம் போட்டாலும் அந்தப் படம் நின்றிருக்காது.

காதலிக்க நேரமில்லையில் நாகேஷ் பேய்க் கதை சொல்கிற காட்சியை 1964 முதல் மூன்று தலைமுறை பார்த்துவிட்டது. பேசுவது முழுக்க நாகேஷ். டி.எஸ்.பாலையா நாற்காலியில் உட்கார்ந்து கேட்கிறார், அவ்வளவுதான். ஆனால் பயம் நமக்கு வருவதும் சிரிப்பு நமக்கு வருவதும் பாலையாவின் முகத்தைப் பார்த்துத்தான். பக்கத்தில் இருப்பவர் பேசுவதை நிஜமாகக் கேட்பது எவ்வளவு பெரிய வித்தை என்று நடிப்பவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. நடிப்புப் பயிற்சிக்கு வருகிற ஒரு பையன் பாலையாவின் படங்களை வரிசையாகப் பார்க்க வேண்டும் என்று நினைத்தால், அந்த வரிசையை அவனுக்கு யார் கொடுப்பார்கள்?

இவர்களெல்லாம் பெயர் தெரிந்தவர்கள். நான் இந்த மடலை எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் பெயர் தெரியாத ஒருவர்.

எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருந்தார். பெயர் வேண்டாம், அவர் குடும்பத்துக்கு அதில் விருப்பம் இல்லை. பாய்ஸ் கம்பெனி நாடகக்காரர் ஒருவரிடம் பாடம் கற்று, சென்னைக்கு வந்து, சிறு வேடங்களில் நடித்தவர். நல்ல உயரம், நல்ல நெற்றி, எடுப்பான குரல். ஆகையால் ஜட்ஜ், டாக்டர், பெண்ணைப் பெற்றவர், பள்ளிக்கூடத் தலைமை ஆசிரியர். அவர் போன பிறகு அவருடைய மகள் ஒரு நீளமான கணக்கு நோட்டை எடுத்துக் காட்டினார். பென்சிலால் கட்டம் போட்டு, தேதி, கம்பெனி, இடம், வேஷம், தொகை என்று அழகாக எழுதி வைத்திருக்கிறார். 'ஏவிஎம், ஜட்ஜ், 2 சீன்.' 'வாஹினி, டாக்டர், ஆபரேஷன் முடிந்தது என்று மட்டும்.' 'கல்யாண மண்டபம், பெண்ணின் அப்பா, வசனம் 4 வரி, இரவு கால்ஷீட், பேட்டா வந்தது.' சில இடங்களில் 'பேட்டா பாக்கி'. கடைசிக் கட்டத்தின் தலைப்பு 'படத்தின் பெயர்'. அந்தக் கட்டம் பக்கத்துக்குப் பக்கம் காலியாகவே கிடக்கிறது.

ஏன் காலி என்பது உங்களுக்குத் தெரியும், வாசிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். படம் எடுக்கும்போது பெரும்பாலும் அதற்குப் பெயர் இருக்காது. கம்பெனியின் பெயரோடு புரொடக்‌ஷன் நம்பர் இத்தனை என்றுதான் போர்டு மாட்டியிருப்பார்கள். ஒரு நாள் கால்ஷீட்டுக்கு வந்து ஜட்ஜாக உட்கார்ந்து தீர்ப்பு வாசித்துவிட்டுப் போகிறவருக்கு, பிறகு அந்தப் படத்துக்கு என்ன பெயர் வைத்தார்கள் என்று யார் சொல்லப்போகிறார்கள்? சில படம் பாதியில் நின்றுபோகும். சில படம் வெளிவரும்போது அவர் சீனே இருக்காது. படம் தியேட்டருக்கு வருகிற நாளில் அவர் வேறு எங்கோ டாக்டராக நின்றுகொண்டிருப்பார்.

அவர் மகள் இப்போதும் டிவியில் கறுப்பு வெள்ளைப் படமோ எண்பதுகளின் படமோ ஓடினால் கோர்ட் சீன் வரும்வரை சேனலை மாற்ற மாட்டார். அப்படிப் பார்த்துப் பார்த்துச் சில படங்களைக் கண்டுபிடித்திருக்கிறார். கண்டுபிடித்ததை அப்பாவின் நோட்டில் அந்தக் காலிக் கட்டத்தில் தன் கையெழுத்தில் எழுதி வைக்கிறார். அப்பா இருந்தபோது உதவித்தொகைக்காக ஓர் அலுவலகத்துக்குப் போயிருக்கிறார்கள். என்னென்ன படத்தில் நடித்தீர்கள், எழுதிக் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறார்கள். நியாயமான கேள்விதான். அதற்குப் பதில் சொல்ல அந்த மனிதரால் முடியவில்லை. வாழ்நாள் முழுக்க ஒரே தொழிலைச் செய்தவர், அதைச் செய்தேன் என்று காட்ட ஒரு தாள் இல்லாமல் திரும்பி வந்தார்.

தாள் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று சட்டத்தையும் கொஞ்சம் பார்க்கலாம். 2012இல் இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தை, அதாவது காப்பிரைட் சட்டத்தை, திருத்தினார்கள். நடிப்பவருக்கும் பாடுபவருக்கும் சில உரிமைகள் அதில் வந்தன. தன் பணியைத் தன்னுடையது என்று அடையாளம் காட்டக் கேட்கலாம். தன் பெயருக்குக் கேடு வரும்படி அதைச் சிதைத்தால் தடுக்கலாம். வணிக ரீதியாகப் பயன்படுத்தினால் ராயல்டி கேட்கவும் வழி உண்டு. நல்லது. ஆனால் அதே திருத்தத்தில் ஒரு விலக்கும் இருக்கிறது. ஒரு படத்தில் ஒருவர் போகிறபோக்கில் வந்துபோகிற வேடம் செய்திருந்து, தொழில் வழக்கப்படி அவர் பெயர் டைட்டிலிலோ வேறு எங்குமோ போடப்படாமல் இருந்தால், அந்தச் சிதைப்புக்கு எதிரான உரிமை ஒன்றைத் தவிர மற்ற எதற்கும் சட்டம் அவரை நடிகராகக் கருதாது. அதாவது டைட்டிலில் பெயர் வருவதும் வராததும் வெறும் கௌரவப் பிரச்சினை இல்லை. பெயர் விட்டுப்போனால் உரிமையும் விட்டுப்போகிற நிலைமை. இதை உங்கள் சங்கத்தின் ஒவ்வொரு பொதுக்குழுவிலும் எடுத்துச் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. நான்கு வரி வசனம் பேசியவர் பெயரும் டைட்டிலில் வந்தே ஆக வேண்டும் என்று தயாரிப்பாளர்களிடம் நீங்கள் பேச வேண்டும்.

டைட்டிலில் வந்தாலும் இப்போது பார்க்க முடிகிறதா? டிவியில் பழைய படம் போடும்போது விளம்பர நேரத்துக்காக டைட்டிலைத்தான் முதலில் வெட்டுகிறார்கள். ஓடிடியில் டைட்டில் ஓட ஆரம்பித்ததும் தாண்டிப் போகச் சொல்லிப் பொத்தான் வந்துவிடுகிறது. படத்தின் பக்கத்தில் நடிகர்கள் என்று நான்கைந்து பெயர் போட்டிருக்கும், அதோடு சரி.

சின்னத்திரையில் இது இன்னும் மோசம். சென்னைத் தொலைக்காட்சி 1975இல் வந்தது. செவ்வாய்க்கிழமை நாடகம் பார்த்து வளர்ந்த தலைமுறை நாங்கள். சபா நாடகக்காரர்கள் பலரை அதில்தான் முதன்முதலில் பக்கத்தில் பார்த்தோம். அந்த நாடகங்களில் யார் யார் நடித்தார்கள் என்று இன்று சொல்ல வேண்டுமானால் நடித்தவர்களே நினைவிலிருந்து சொன்னால்தான் உண்டு. அவர்களும் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். பிறகு வந்த தினசரித் தொடர்களில் ஒரு நடிகர் வருடக்கணக்கில், ஆயிரம் எபிசோடு வரை, ஒரே மனிதராக வாழ்கிறார். திடீரென்று ஒரு நாள் 'இவருக்குப் பதில் இவர்' என்று திரையில் ஒரு அட்டை வரும். அடுத்த சீனில் அதே வீட்டில், அதே மனைவியிடம், வேறு ஒருவர் காபி கேட்பார். முந்தைய நாள்வரை அந்த வேடத்தைச் சுமந்தவருக்கு ஒரு வரி நன்றியோ விளக்கமோ இருக்காது.

ஜி.மாரிமுத்துவை நினைத்துக்கொள்கிறேன். தேனி மாவட்டத்துக்காரர். சினிமாவில் பல வருடம் உதவி இயக்குநராக இருந்து, இரண்டு படங்களை இயக்கி, பிறகு நடிக்க வந்தவர். பரியேறும் பெருமாள் படத்தில் அந்தப் பெண்ணின் அப்பாவாக வருவாரே, பேச முடியாமலும் பேசாமல் இருக்க முடியாமலும் தவிக்கிற அந்த மனிதர், அவர்தான். எதிர்நீச்சல் தொடரில் ஆதிமுத்து குணசேகரனாக வந்த பிறகுதான் தமிழ்நாட்டு வீடுகளுக்கெல்லாம் அவரைத் தெரிந்தது. அவர் 'இந்தாம்மா ஏய்' என்று கூப்பிடுவதைச் சின்னப் பிள்ளைகள்கூடச் செய்து காட்டினார்கள். 2023 செப்டம்பர் 8ஆம் தேதி அந்தத் தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது உடம்புக்கு முடியாமல் போய் இறந்துவிட்டார். கதை நிற்க முடியாது, எழுத்தாளர் வேல ராமமூர்த்தி அந்த வேடத்துக்கு வந்தார். அதில் குறை சொல்ல ஒன்றும் இல்லை, தினசரித் தொடரின் வேலை அப்படி. அதனால்தான் யார் எந்த எபிசோடு வரை நடித்தார் என்பதை எழுதி வைக்க ஓர் இடம் வேண்டும் என்கிறேன். மாரிமுத்து புகழ் பெற்ற பிறகு போனார், அதனால் செய்தி ஆனது. அட்டையோடு மறைந்துபோன மற்றவர்கள் எத்தனை பேர்?

2020இல் ஊரடங்கின்போது மெட்டி ஒலியை மறுபடி ஒளிபரப்பினார்கள். ஐந்து பெண்களைப் பெற்ற சிதம்பரமாக டெல்லி குமார் நடித்ததைப் புதிய பிள்ளைகள் உட்கார்ந்து பார்த்தார்கள். எங்கள் வீட்டுப் பெண்ணும் பார்த்தாள். இந்தத் தாத்தா வேறு எதில் நடித்திருக்கிறார் என்று கேட்டாள். இரண்டு மூன்று படம் சொன்னேன். எல்லாவற்றையும் சொல் என்றாள்.

விருது கொடுக்கிறார்களே, அது போதாதா என்று கேட்கலாம். தேசியத் திரைப்பட விருதில் துணை நடிகர், துணை நடிகை விருதுகள் 1984ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் வந்தன. அதற்குள் பாலையா 1972இல் போய்விட்டார், எஸ்.வி.ரங்காராவ் 1974இல், எஸ்.வி.சுப்பையா 1980இல். நாகேஷுக்கே நம்மவர் படத்துக்காக 1994இல்தான் அந்த விருது வந்தது. மனோரமாவுக்குப் புதிய பாதைக்காக 1989இல். தம்பி ராமையா, அப்புக்குட்டி, சமுத்திரக்கனி என்று பிறகு நம்மவர்கள் வாங்கினார்கள். 2023ஆம் ஆண்டுக்கான விருது பார்க்கிங் படத்துக்காக எம்.எஸ்.பாஸ்கருக்கு வந்தபோது எவ்வளவு பேர் மனதாரச் சந்தோஷப்பட்டார்கள்! டப்பிங் குரல், டிவியில் பட்டாபி, சினிமாவில் நூறு விதமான மனிதர்கள் என்று எவ்வளவு நீளமான உழைப்பு அது. விருது என்பது வருடத்துக்கு ஒருவருக்கோ இருவருக்கோதான். எல்லோருக்கும் கொடுக்க முடியாது. எல்லோரையும் எழுதி வைக்க முடியும்.

எப்படிச் செய்வது என்று நானும் யோசித்துப் பார்த்தேன். புதுப் படங்களுக்கு வழி சுலபம். தணிக்கைக்கு விண்ணப்பிக்கும்போது கதைச் சுருக்கத்தோடு படத்தில் பங்கேற்றவர்களின் முழுப் பட்டியலையும் தயாரிப்பாளர் கொடுக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. அந்தத் தாளில் நடிகர் பெயருக்கு எதிரே வேடத்தின் பெயரையும் எழுதி, ஒரு நகலை உங்கள் சங்கத்துக்கு அனுப்பச் சொன்னால் போதும். புரொடக்‌ஷன் நம்பர் எந்தப் படமாக மாறியது என்ற குழப்பமும் அந்த ஒரே தாளில் தீர்ந்துவிடும். டிவி தொடருக்கு மாதம் ஒரு தடவை இதே மாதிரி ஒரு தாள்.

பழைய படங்களுக்குத்தான் உழைப்பு வேண்டும். தியேட்டர் வாசலில் விற்ற பாட்டுப் புத்தகங்கள் இருக்கின்றன. பாட்டோடு கதைச் சுருக்கம் போட்டு, 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' என்று முடித்து, நடிகர் நடிகையர் பெயர்களை வேடத்தோடு அச்சடித்திருப்பார்கள். சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் அந்தப் புத்தகங்கள் நிறைய இருக்கின்றன. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964 முதல் இருக்கிறது. பிலிம் நியூஸ் ஆனந்தன் என்ற ஒரு தனி மனிதர், எந்த நிறுவனமும் பின்னால் இல்லாமல், தமிழ்ப் படங்களின் தகவல்களையும் புகைப்படங்களையும் வாழ்நாள் முழுக்கச் சேர்த்தார். எந்தப் படம் எந்தத் தேதியில் வந்தது, யார் நடித்தது என்று அவரைக் கேட்டால் உடனே சொல்வார் என்பார்கள். 2016இல் அவரும் மறைந்தார். ஒரு மனிதரால் அவ்வளவு முடிந்தது. ஆயிரக்கணக்கான உறுப்பினர்கள் உள்ள சங்கத்தால் முடியாதா?

இதையெல்லாம்விட அவசரமானது ஒன்று உண்டு. உயிரோடு இருப்பவர்களைப் பேச வைத்துப் பதிவு செய்வது. எழுபது வயதைத் தாண்டிய உறுப்பினர்கள் வீட்டுக்கு ஒரு பையனோ பெண்ணோ ஒரு கேமராவோடு போகட்டும். பெரிய பெரிய கேள்விகள் வேண்டாம். முதல் நாள் யார் கூட்டிக்கொண்டு போனது, மேக்கப் யார் போட்டது, எந்த ஃபுளோர், என்ன வசனம், யாரோடு சீன், எவ்வளவு கொடுத்தார்கள் என்று கேட்டால் போதும். ஒருவர் சொல்வதில் இன்னும் நான்கு பேரின் பெயர் வரும். அந்த நான்கு பேரில் இருவரின் பெயர் எந்த டைட்டிலிலும் இருக்காது. படம் எது என்று மறந்திருந்தாலும், அந்த சீனில் கதாநாயகி எந்த நிறப் புடவை கட்டியிருந்தார் என்று இந்த ஆட்களுக்கு நினைவிருக்கும். அதை வைத்துப் படத்தைப் பிடித்துவிடலாம். எங்கள் தெருப் பெரியவரிடம் இப்படி யாராவது போய் உட்கார்ந்திருந்தால் அந்த நோட்டின் பாதிக் கட்டமாவது நிரம்பியிருக்கும்.

சங்கத்துக்கு வேறு வேலை இல்லையா என்று சிலர் நினைக்கலாம். ஓய்வூதியம், மருத்துவ உதவி, கட்டட வேலை, வழக்குகள் என்று உங்களுக்கு இருக்கிற பாரம் வெளியில் இருக்கிற எங்களுக்கும் ஓரளவு தெரியும். மூத்த உறுப்பினருக்கு மாத்திரை வாங்கப் பணம் கொடுப்பது இதைவிட முக்கியம் என்று நீங்கள் சொன்னால் நான் மறுக்க மாட்டேன். ஆனால் ஒன்று மற்றொன்றுக்குக் குறுக்கே நிற்கவில்லை. பதிவேடு இருந்தால் உதவிக்கு விண்ணப்பிக்கிறவர் அலைய வேண்டியதில்லை, பக்கத்தைத் திறந்து காட்டினால் போதும். ஹபிபுல்லா சாலையின் புதுக் கட்டடத்தில் அரங்கமும் மண்டபமும் வருவது நல்ல விஷயம். அதில் ஓர் அறை, நான்கு மேஜை, இரண்டு கம்ப்யூட்டர், சினிமா வரலாற்றில் ஆர்வம் உள்ள இரண்டு பிள்ளைகள், இதுதான் நான் கேட்பது. பழைய கட்டடத்தின் அரங்குக்கு நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் பெயரை வைத்தவர்கள் நீங்கள். நாடகத்தை மறக்காத சங்கம் இது. பதிவேட்டில் மதுரையிலும் புதுக்கோட்டையிலும் சேலத்திலும் இருக்கிற நாடகக் கலைஞர்களுக்கும் பக்கம் இருக்க வேண்டும். அவர்களில் சினிமாவில் ஒரு சீன் தலைகாட்டியவர்கள் உண்டு, ஒரு சீனும் கிடைக்காதவர்களும் உண்டு. இருவரையும் எழுத வேண்டும்.

யார் முன்னால், யார் பின்னால் என்ற சண்டை வரும் என்றும் சொல்வார்கள். அகர வரிசையில் எழுதிவிட்டால் அந்தப் பேச்சே இல்லை. யார் எத்தனை படம் என்று போட்டி போடுவதற்காகவும் இது இல்லை. தப்பாக எழுதப்பட்டால் குடும்பத்தினர் வந்து திருத்தட்டும். முதல் வருடம் பாதிதான் நிரம்பும், தப்பும் இருக்கும். அதனால் என்ன, ஆரம்பித்தால்தானே திருத்த முடியும்.

நாசர் சார், உங்களைத் தனியாக ஒரு வார்த்தை கேட்டுக்கொள்கிறேன். 1985இல் கல்யாண அகதிகள் படத்தில் வந்தது முதல் நீங்கள் நடித்திருப்பதில் பெரும்பகுதி குணச்சித்திர வேடங்கள்தான். இந்த வேலையின் அருமையும் வலியும் தெரிந்த ஒருவர் தலைவராக இருக்கும்போது இது நடக்காவிட்டால் பிறகு எப்போது நடக்கும் என்று தெரியவில்லை. அடுத்த செயற்குழுவில் இதை ஒரு பொருளாக எடுத்துப் பேசுங்கள். மூத்த உறுப்பினர்களில் யார் யார் வீட்டுக்கு முதலில் போக வேண்டும் என்று ஒரு சின்னப் பட்டியலாவது இந்த மாதமே போடுங்கள். தட்டச்சு செய்யவும், பாட்டுப் புத்தகங்களைப் பார்த்து எழுதவும், பழைய படங்களைப் பார்த்து முகங்களை அடையாளம் சொல்லவும் என்னைப் போல் இந்த ஊரில் பலர் இருக்கிறார்கள். சம்பளம் வேண்டாம். எங்கே, எத்தனை மணிக்கு வர வேண்டும் என்று சொல்லுங்கள், வருகிறோம்.

இப்படிக்கு,
வடபழனியிலிருந்து ஒரு ரசிகன்